இமையாளின் கிண்ணம்

நான் எழுதிக்கொண்டிருக்கும் மாயக்கதையில் இமையாள் என்றொரு கிழவி வருகிறாள். ஏழேரி நாட்டில் காலமந்திரம் கற்றவள். காலத்தை ஏரித் தண்ணீர் போல் தேக்குவாள், வேண்டுமானால் மடை திறந்தும் விடுவாள். முதல் வரைவில் அவளுக்கு ஒரு கோபுரம் கட்டிக் கொடுத்திருந்தேன். கோபுரம் நிறைய மணற்கடிகாரம், செல்லரித்த ஏடுகள், காற்றில்லாமலே பறக்கும் வெள்ளைமுடி. அரையாண்டு விடுமுறைக்கு வந்திருந்த அக்கா மகன் அதைப் படித்துவிட்டு ஒரே ஒரு கேள்விதான் கேட்டான்.

"மாமா, இந்தப் பாட்டி காலையில எழுந்தா என்னதான் பண்ணுவாங்க?"

என்னிடம் பதில் இல்லை. மந்திரம் போடுவாள் என்று சொல்லலாம். ஆனால் தச்சர் கூட நாள் முழுக்க இழைப்பதில்லை. பாதி நேரம் உளி தீட்டுவார், அளப்பார், அளந்ததை மறுபடி அளப்பார். இமையாள் எதைத் தீட்டுவாள், எதை அளப்பாள்? "இந்த அறைக்குள் காலத்தை எட்டில் ஒரு பங்கு மெதுவாக்கிவிட்டேன்" என்று அவள் சொல்கிறாள் என்றால், அது அவளுக்கு எப்படித் தெரிந்தது? அறைக்குள் எல்லாமே மெதுவாகிவிட்டால் அவளுடைய நாடித்துடிப்பும் மெதுவாகிவிடும். கண் இமைப்பும் அப்படித்தான். உள்ளே இருப்பவருக்கு எதுவும் மாறியதாகவே தோன்றாது. உள்ளே ஒரு கடிகாரம், வெளியே ஒரு கடிகாரம், இரண்டையும் ஒப்பிட்டால்தான் மந்திரம் பலித்ததா என்று தெரியும்.

இது வெறும் கற்பனை இல்லை. 1971இல் ஹாஃபலே, கீட்டிங் என்ற இருவர் நான்கு சீசியம் அணுக்கடிகாரங்களைப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகத்தைக் கிழக்காக ஒருமுறை, மேற்காக ஒருமுறை சுற்றிவந்தார்கள். தரையில் இருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்டபோது கிழக்கே போனது சுமார் 59 நானோ விநாடி பின்தங்கியிருந்தது, மேற்கே போனது சுமார் 273 நானோ விநாடி முந்தியிருந்தது. கடிகாரத்துக்கும் சேர்த்து விமானத்தில் இருக்கை வாங்கியிருந்தார்கள். அது காலமந்திரம் இல்லாமல் வேறென்ன?

சரி, இமையாளுக்குக் கடிகாரம் செய்வோம், செய்துவிட்டு எழுதுவோம் என்று இறங்கினேன். இரண்டு நாள் வேலை என்று நினைத்தேன். மூன்று வாரம் ஆனது.

மணற்கடிகாரத்தை முதலிலேயே ஒதுக்கினேன். மாயக்கதைகளில் எல்லா மந்திரவாதியும் அதை வைத்திருப்பதால் ஆதிகாலத்துச் சாமான் என்று தோன்றும். உண்மையில் அது இருந்ததற்கு உறுதியான பழைய சான்று இத்தாலியின் சியேனா நகரில் 1338 வாக்கில் வரைந்த ஒரு சுவரோவியம்தான். நம் பக்கத்துச் சாமான் நாழிகை வட்டில். அடியில் சிறு துளை போட்ட கிண்ணம். தண்ணீரில் மிதக்கவிட்டால் துளை வழியாக நீர் ஏறி, ஒரு நாழிகையில், அதாவது 24 நிமிடத்தில் மூழ்கும். நாள் ஒன்றுக்கு 60 முழுக்கு. முல்லைப்பாட்டில் இதற்குக் கன்னல் என்று பெயர். அதை வைத்து நேரம் சொல்பவர்களைப் 'பொய்யா மாக்கள்' என்கிறது. அந்தப் 'பொய்யா' எதற்கு என்று அப்போது நான் யோசிக்கவில்லை.

முதல் முயற்சி, வீட்டில் இருந்த எவர்சில்வர் டவரா. துளை போடும் 0.8 மி.மீ. பிட் இரண்டு ஒடிந்தன. எவர்சில்வரில் மெல்லிய பிட் வழுக்கிக்கொண்டு ஒரே இடத்தில் சுற்றினால் அந்த இடம் இன்னும் கெட்டிப்பட்டுவிடும். பிறகு பிட்தான் தேயும். பொறுமை போய் ஆணியும் சுத்தியலும் எடுத்தேன். துளை 2 மி.மீ. அளவுக்கு விழுந்தது. டவரா மூன்றே நிமிடத்தில் போய்ச் சேர்ந்தது. அம்மா அதைத் திரும்பக் கேட்டபோது "இதுல இனிமே காப்பி ஆத்த முடியாதும்மா" என்று சொல்ல வேண்டியதாயிற்று.

பழையவர்கள் செம்பைத் தேர்ந்தெடுத்தது சும்மா இல்லை. பாத்திரக்கடையில் ஒரே அச்சில் அடித்த இரண்டு செம்புக் கிண்ணங்கள் வாங்கினேன். வாய் 10 செ.மீ., உயரம் 6 செ.மீ., சமையலறைத் தராசில் ஒன்று 150 கிராம், இன்னொன்று 152. பக்கம் வளைவில்லாமல் நேராக நிற்கிற கிண்ணமாகப் பார்த்து எடுத்தேன். அதற்குக் காரணம் உண்டு. இந்த வேலையிலேயே என்னை மிகவும் கவர்ந்தது அதுதான் என்பதால் கொஞ்சம் நின்று சொல்கிறேன்.

ஓட்டைப் பானையிலிருந்து நீர் ஒழுகுவதை வைத்து நேரம் பார்த்தால் ஒரு சிக்கல் இருக்கிறது. பானை காலியாகக் காலியாக அழுத்தம் குறையும், ஒழுக்கு சோர்ந்துபோகும். நீர்மட்டம் பாதியானால் வேகம் பத்தில் ஏழு பங்காகிவிடும். மிதக்கும் கிண்ணத்தில் இந்தத் தொல்லை இல்லை. உள்ளே நீர் ஏற ஏறக் கிண்ணமும் அதே அளவு தாழ்கிறது. உள்மட்டம் வெளிமட்டத்தைவிட எப்போதும் ஒரே அளவு கீழே இருக்கிறது. எவ்வளவு கீழே என்பதைக் கிண்ணத்தின் எடையும் அடிப்பரப்பும் தீர்மானிக்கின்றன. என் கிண்ணத்துக்கு 150 கிராமை 78.5 சதுர செ.மீ.ஆல் வகுத்தால் 1.9 செ.மீ. அளவுகோலை நிறுத்திப் பார்த்தேன். தொடக்கத்திலும் 1.9, பாதியிலும் 1.9, மூழ்கப் போகும்போதும் கிட்டத்தட்ட அதே. தள்ளுகிற அழுத்தம் மாறாததால் துளையில் நீர் ஏறும் வேகமும் மாறாது. எந்தக் கணக்கும் போடாமல் ஒரு கிண்ணம் இதைத் தானே செய்துகொள்கிறது. பள்ளியில் ஆர்க்கிமிடீஸ் தத்துவத்தைப் பத்து மதிப்பெண்ணுக்கு எழுதியவன் நான். அன்றைக்குத்தான் அது புரிந்தது.

மூழ்கும் கணத்தையும் பக்கத்தில் குனிந்து பார்க்க வேண்டும். விளிம்பு நீர்மட்டத்துக்குச் சமமாக வந்த பிறகும் கிண்ணம் உடனே போவதில்லை. சுற்றிலும் நீர் சற்றே உப்பி, விளிம்புக்கு மேலே உருண்டு நிற்கும். கண்ணாடி வளையல் ஒன்று கிண்ணத்தைச் சுற்றி இறுகப் பிடித்திருப்பது போல் இருக்கும். அப்புறம் ஏதோ ஓரிடத்தில் அது உடையும். உடைந்ததும் நாலு பக்கமும் நீர் உள்ளே சரிய, கிண்ணம் ஒருபக்கமாய்ச் சாய்ந்து இறங்கிவிடும். விளிம்பில் எண்ணெய்க் கை பட்டிருந்தால் அந்த வளையல் இன்னும் சில விநாடி தாங்கும். இதைக் கண்டுபிடிக்க எனக்கு இரண்டு நாள் ஆனது. வடை தின்ற கையோடு கிண்ணத்தைத் தொட்டது நான்தான்.

துளைக்கு வருவோம். முதல் கிண்ணத்துக்கு 1 மி.மீ. பிட். கையால் சுழற்றும் சின்னப் பிடியில் மாட்டி, கீழே மரக்கட்டை வைத்து, ஒரு சொட்டு எண்ணெய் விட்டுத் திருகினேன். செம்பு சுருள் சுருளாக வந்தது. பிசிறை நைஸ் உப்புத்தாளால் தேய்த்தேன். அண்டாவில் மிதக்கவிட்டால் 18 நிமிடம் 40 விநாடியில் மூழ்கியது. அக்கா மகன் அதற்கு அவசரக்காரி என்று பெயர் வைத்தான். இரண்டாவதற்கு 0.8 மி.மீ. அது 29 நிமிடம் எடுத்தது. சோம்பேறி.

இரண்டையும் 24 நிமிடத்துக்குக் கொண்டுவர வேண்டும். அவசரக்காரியின் துளையைச் சுற்றிச் சின்னச் சுத்தியலால் தட்டினால் செம்பு பரவித் துளை இறுகும். பிறகு தையல் ஊசியை விட்டு நெருடி, கொஞ்சம் கொஞ்சமாகத் திறக்க வேண்டும். தட்டினேன், 33 நிமிடம் ஆனது. நெருடினேன், 27. மறுபடி நெருடினேன், 21. ஒவ்வொரு முறையும் அரைமணி நேரம் உட்கார்ந்து பார்த்தால்தான் முடிவு தெரியும். ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க இப்படியே போனது. மாலையில் வெறுத்துப்போய் 1 மி.மீ. பிட்டையே மறுபடி விட்டுப் பழைய வேகத்துக்குக் கொண்டுவந்துவிட்டேன்.

சோம்பேறிக்கு நல்ல வழி கிடைத்தது. எடை கூடினால் மட்ட வித்தியாசம் கூடும், நீர் வேகமாக ஏறும். கணக்குப் போட்டால் 30 கிராம் வேண்டும். என்னிடம் இருந்த மஞ்சள் ஐந்து ரூபாய் நாணயம் 6 கிராம். ஐந்து நாணயங்களைத் துளையைச் சுற்றிப் பூ மாதிரி அடுக்கி, மெழுகுவர்த்தியைச் சொட்டி ஒட்டினேன். 23 நிமிடம் 30 விநாடி வந்தது. கிண்ணம் ஒருபக்கம் சாய்ந்தும் மிதந்தது. பார்த்தால் ஐந்தில் ஒன்று பழைய தடித்த வெள்ளை நாணயம். அது 9 கிராம். ஒரு கிராமுக்குப் பத்து விநாடி என்ற கணக்கு இப்படித் தவறுதலாகக் கைக்கு வந்தது. நாணயத்தை மாற்றியதும் 24 நிமிடம், இரண்டு மூன்று விநாடி முன்னே பின்னே. அன்று ராத்திரி பாயசம்.

அடுத்த நாளே அதே கிண்ணம் 41 நிமிடம் எடுத்தது. கண்ணுக்கு எந்தக் குறையும் தெரியவில்லை. துளையை வெளிச்சத்தில் காட்டிப் பார்த்தால் ஓரத்தில் வெள்ளையாக ஒரு பொட்டு. கோலமாவு. மார்கழி மாதம், அம்மா வாசலில் பெரிய கோலமாகப் போட்டுவிட்டு அதே கையோடு அண்டாவை நகர்த்தி வைத்திருக்கிறார். "ஒரு துளி மாவுக்கு இவ்வளவு ஆர்ப்பாட்டமா" என்றார். லீலாவதி கதை நினைவுக்கு வந்தது. கணித மேதை பாஸ்கரர் மகள் திருமணத்துக்கு நல்ல நேரம் பார்க்க நாழிகை வட்டிலை மிதக்கவிட்டாராம். மகள் குனிந்து எட்டிப் பார்த்தபோது அணிகலனிலிருந்து ஒரு முத்து உதிர்ந்து துளையை அடைத்துக்கொண்டதாம். கிண்ணம் மூழ்கவேயில்லை, முகூர்த்தம் தவறிப்போயிற்று. பல நூற்றாண்டு கழித்து வந்த பாரசீக மொழிபெயர்ப்பில் இருக்கும் கதை அது. வரலாறு என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆனால் இதைக் கட்டியவர் எவரோ கிண்ணத்தோடு நன்றாகவே மாரடித்தவர் என்று எனக்கு இப்போது நிச்சயம். அன்றிலிருந்து பழைய வேட்டித்துணியில் வடிகட்டிய தண்ணீர்தான்.

அதே பாஸ்கரரின் சொந்தக் கருத்து ஒன்று எனக்கு இந்தக் கதையைவிடப் பெரிய உதவியாக இருந்தது. பழைய நூல்கள் சில, இத்தனை எடை செம்பு, இத்தனை நீளத் தங்க ஊசியால் துளை என்று இலக்கணம் சொல்லும். 1150இல் சித்தாந்த சிரோமணி எழுதிய பாஸ்கரர் அந்த வம்பே வேண்டாம் என்கிறார். கிண்ணத்தில் துளை போடு, ஒரு பகலும் இரவும் சேர்ந்து எத்தனை முறை மூழ்குகிறது என்று எண்ணு, அறுபதை அதனால் வகுத்துக்கொள். அவ்வளவுதான். ஊசியும் சுத்தியலுமாக ஒரு ஞாயிற்றுக்கிழமையைத் தொலைத்த எனக்கு இது கன்னத்தில் அறைந்தது போல் இருந்தது. இமையாளுக்கும் ஒரே மாதிரி இரட்டைக் கிண்ணம் தேவையே இல்லை. அவசரக்காரி எத்தனை முழுக்கு, அதே நேரத்தில் சோம்பேறி எத்தனை முழுக்கு என்ற விகிதம் மாறாமல் இருந்தால் போதும். ஒன்றை மந்திரத்துக்குள் வைத்து, விகிதம் மாறியதா என்று பார்த்தால் முடிந்தது.

அப்போ ஒரு நாள் முழுக்க எண்ணித்தான் பார்ப்பது என்று முடிவாயிற்று. உச்சியிலிருந்து உச்சி வரை. கைபேசிக் கடிகாரத்தைப் பார்க்கக் கூடாது, ஏழேரி நாட்டில் கைபேசி கிடையாது. மொட்டைமாடியில் ஒரு மீட்டர் குச்சி நட்டு, சுற்றி வட்டம் வரைந்து, காலையிலும் மாலையிலும் நிழல்நுனி வட்டத்தைத் தொடும் புள்ளிகளைக் குறித்து, நடுவே வடக்கு தெற்காகக் கோடு கிழித்தோம். நிழல் அந்தக் கோட்டில் விழும் நேரம்தான் உச்சி. ஜனவரித் தொடக்கம் என்பதால் உச்சிப்பொழுதிலும் நிழல் 70 செ.மீ. நீளம் இருந்தது. நுனி நிமிடத்துக்கு அரை செ.மீ. போல நகர்வதைக் கண்ணாலேயே பார்க்கலாம். எங்கள் ஊரில் அந்த நாட்களில் இது கடிகார மணி 12.17க்கு நடக்கிறது, 12க்கு இல்லை. அக்கா மகன் இதை ஒத்துக்கொள்ளவே மறுத்தான்.

கிண்ணம் மூழ்கினால் தெரிய வேண்டுமே, அதற்காக அண்டாவின் அடியில் ஒரு எவர்சில்வர் தட்டைக் கவிழ்த்து வைத்தேன். கிண்ணம் அதில் உட்கார்ந்தால் 'டங்' என்று கேட்கும். பக்கத்தில் ஒரு பழைய போனைச் சார்ஜில் போட்டு ஒலிப்பதிவை ஓடவிட்டேன். அதை மறுநாள் உச்சிக்குப் பிறகுதான் திறப்பது என்று ஒப்பந்தம். சோம்பேறிக்கு மட்டும்தான் எண்ணிக்கை. ஒவ்வொரு முழுக்குக்கும் ஒரு புளியங்கொட்டை.

பகலும் மாலையும் ஜாலியாகப் போயின. சீட்டு விளையாடினோம், அக்கா மகன் பாதிக்கு மேல் பார்த்துக்கொண்டான். பத்து மணிக்கு அவன் தூங்கப் போனதும் நான் தனி. 24 நிமிடம் என்பது ரொம்ப மோசமான அளவு. ஒரு வேலையைத் தொடங்கினால் முடிக்கப் போதாது, சும்மா உட்கார்ந்தால் முடியவே முடியாது. படித்தால் டங் எப்போது வரும் என்று காது அங்கேயே இருக்கும். நள்ளிரவுக்கு மேல் நான் நீரைத் தொட்டுப் பார்த்துக்கொண்டே இருந்தேன், ஜில்லென்று ஆகிவிட்டது. இரண்டரை மணி வாக்கில், 36ஆவது முழுக்கில், தூங்கிவிட்டேன். விழித்துப் பார்த்தால் கிண்ணம் அடியில் கிடந்தது. எவ்வளவு நேரமாக என்று சொல்ல வழியே இல்லை. தண்ணீர் அசைவில்லாமல் இருந்தது. அந்த நேரத்தில் எனக்கு வந்த உணர்ச்சியைச் சொல்ல வேண்டும்: பயம் இல்லை, வருத்தமும் இல்லை, முதலில் வந்தது யாராவது பார்த்தார்களா என்ற எண்ணம்தான். ஒரு கொட்டையைக் கூடப் போட்டுவிடலாமா என்றுகூடத் தோன்றியது. 'பொய்யா மாக்கள்' என்று ஏன் அடைமொழி கொடுத்தார்கள் என்பது ராத்திரி இரண்டரை மணிக்குத்தான் விளங்கியது.

நாலு மணிக்கு அம்மா எழுந்து வந்து, "நீ போய்ப் படு, நான் பாத்துக்கறேன்" என்றார். கோலம், காப்பி, சமையல் எல்லாவற்றுக்கும் நடுவில் காலை முழுக்க அவரே பார்த்தார். ஒரு தடவைகூடத் தவறவிடவில்லை.

மறுநாள் உச்சிக்கு எல்லாரும் மாடியில். 59ஆவது டங் கேட்டது. கிண்ணத்தை எடுத்துக் கவிழ்த்து, துடைத்து, மறுபடி மிதக்கவிட்டேன். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை, நிழல் கோட்டைத் தொட்டுவிட்டது. ஐம்பத்தொன்பது கொட்டைகள். ஒரு முழு நாழிகை காணவில்லை.

போனைத் திறந்தோம். ஒலிப்பதிவை அலைவடிவமாகப் பார்த்தால் ஒவ்வொரு டங்கும் ஊசி மாதிரி நிற்கிறது. அதையடுத்து கிண்ணத்தை வெளியே எடுக்கும் சலசலப்பு, பிறகு மிதக்கவிடும் 'ப்ளக்'. நான் தூங்கியது 11 நிமிடம். பத்து மணி தொடங்கிக் காலை எட்டு வரை ஒவ்வொரு முழுக்கும் பகலைவிடச் சுமார் 15 விநாடி நீண்டிருக்கிறது. மாலையில் 28 டிகிரி இருந்த நீர் விடிகாலையில் 22. குளிர்ந்த நீர் கொஞ்சம் கெட்டியாகப் பாயும், சின்னத் துளையில் அது தெரியும். அது ஒரு 6 நிமிடம். மிச்சம் 7 நிமிடம் எங்கே என்று தேடினால், அது கை. கிண்ணம் மூழ்கியதற்கும் மறுபடி மிதந்ததற்கும் நடுவே போகும் விநாடிகள். எனக்குச் சராசரி 7. அக்கா மகனுக்கு 11, சீட்டைக் கீழே வைத்துவிட்டு வர வேண்டுமே. அம்மாவுக்கு 4. நாற்பது வருடமாகக் குக்கர் விசில் கேட்டு அடுப்பை அணைத்த கை.

11, 6, 7. இருபத்து நாலு. காணாமல் போன அறுபதாவது நாழிகை இந்த மூன்று இடத்தில் ஒளிந்திருந்தது.

பாஸ்கரர் சொன்ன வழியில் எண்ணினால் கையின் தாமதமும் அந்தக் கணக்குக்குள்ளேயே சேர்ந்துவிடும், தனியாகக் கழிக்க வேண்டாம். ஆனால் எண்ணியவர் கையே தொடர்ந்து எடுத்தால்தான் அந்தக் கணக்கு செல்லும். என் முறையில் ஓடும் நாழிகையும் அம்மா முறையில் ஓடும் நாழிகையும் ஒன்றல்ல. கிண்ணம், தண்ணீர், துளை என்று எண்ணிக்கொண்டிருந்தேன். எடுத்து வைக்கும் ஆளும் அந்தக் கடிகாரத்தின் ஒரு பாகம்.

அம்மாவின் பழைய ஜாதக நோட்டில் உதயாதி நாழிகை இத்தனை, விநாழிகை இத்தனை என்று எழுதியிருக்கும். ஒரு விநாழிகை 24 விநாடி. இப்போது அதைப் பார்த்தால் சிரிப்பு வருகிறது, மரியாதையும் வருகிறது.

கதைக்குத் திரும்பினேன். கோபுரத்தை இடித்தாயிற்று, மணற்கடிகாரங்களை வெளியே வீசியாயிற்று. இமையாள் இப்போது ஏரிக்கரையில், மடைக்குப் பக்கத்துத் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறாள். ஈரானில் கனாத் எனும் நிலத்தடிக் கால்வாய் நீரை உழவர்கள் பங்கிட்டுக்கொள்ள இதே மூழ்கும் கிண்ணத்தைத்தான் வைத்திருந்தார்கள். உன் வயலுக்கு இத்தனை முழுக்கு, அவன் வயலுக்கு இத்தனை என்று. அதைப் படித்ததும் கதையின் முடிச்சு தானாக விழுந்தது. காலத்தைத் தேக்கத் தெரிந்தவள் கையில் ஊரின் நீர்ப்பங்கு இருக்கிறது. கிண்ணத்தைச் சுற்றி ஒரு முழ அளவுக்குக் காலத்தைச் சற்றே தேக்கினால் போதும், கிண்ணம் மெதுவாக மூழ்கும், அதுவரை ஓடும் தண்ணீர் எல்லாம் தம்பி வயலுக்கு. யாருக்கும் தெரியாது. அதனால்தான் ஏழேரியில் இரண்டு கிண்ணம்: ஒன்று அவள் திண்ணையில், இன்னொன்று அவளுக்கு ஆகாதவன் வீட்டுத் திண்ணையில். மாலையில் கொட்டைகளை ஒப்பிடுவார்கள்.

அக்கா மகன் கேட்டதற்கு இப்போது பதில் இருக்கிறது. விடிகாலை எழுவாள். துளையை வெளிச்சத்தில் காட்டிப் பார்ப்பாள். வேட்டித்துணியில் தண்ணீரை வடிப்பாள், விரல் விட்டுக் குளிர் பார்ப்பாள், குளிருக்குத் தக்கபடி ஒரு சின்ன செப்புக் காசைக் கிண்ணத்தில் போடுவாளா எடுப்பாளா என்று யோசிப்பாள். எண்ணெய் பலகாரம் தின்னமாட்டாள். மந்திரம் வருடத்துக்கு நாலைந்து முறை, அதுவும் பிறர் முன்னிலையில். அவளிடம் படிக்க வரும் பையனுக்கு முதல் இரண்டு வருடம் மந்திரமே கிடையாது. கிண்ணத்தை எடுத்து வைக்கப் பழக வேண்டும், கை அவள் கைக்குச் சமமாகும் வரை. தூங்கிப்போன ஒரு ராத்திரியை அவள் யாரிடமும் சொல்லாமல் நாற்பது வருடமாக வைத்திருக்கிறாள். அந்த இடத்தை எழுத எனக்குச் சிரமமே இருக்கவில்லை.

இதைப் படித்துவிட்டு அவன், "கோபுரம் நல்லா இருந்துச்சு மாமா" என்றான்.

கிண்ணங்கள் மூன்று வாரத்தில் பச்சைக் களிம்பு பிடிக்க ஆரம்பித்தன. அம்மா என்னைக் கேட்காமலே இரண்டையும் புளி போட்டுப் பளபளவென்று தேய்த்து வைத்துவிட்டார். காசுகளை ஒட்டிய மெழுகும் போய்விட்டது. திரும்ப ஒட்டி மிதக்கவிட்டால் சோம்பேறி 14 விநாடி முந்துகிறது; துளைக்குள் இருந்த களிம்பும் போயிருக்கும். காசில் ஒன்றரை கிராம் குறைக்க வேண்டும். ஐந்து ரூபாயில் ஒன்றை எடுத்துவிட்டு அதைவிட லேசான காசாகத் தேடிக்கொண்டிருக்கிறேன். உண்டியலைக் கவிழ்த்து ஒவ்வொன்றாகத் தராசில் வைத்தாகிறது.